ஊத்தை மாஸ்டர் கட்டிய ஆசுப்பத்திரி

இலங்கைத் தீவில் புதுச் சாமானைக் கண்டு அருவருத்த மனிதர் ஒருவர்தான் இருந்தார். அந்த ஒருவரும் எனக்குத்தான் வந்து வாய்த்தார். புதுச் சட்டை, புது வாளி, புதுக் கதவு, புதிதாய்த் தாலி கட்டிய மாப்பிள்ளை என்று எதைக் காட்டினாலும் தலையைச் சரித்து ஒரு பார்வை பார்ப்பார். பிறகு, "எல்லாம் சரி, ஊத்தைதான் காணாது" என்பார். குடியேற்றத் திட்டத்துச் சனம் லேசுப்பட்ட சனமில்லை. வந்த கிழமையே அவருக்கு ஊத்தை மாஸ்டர் என்று பெயர் வைத்துவிட்டது. பெற்றவர்கள் வைத்த பெயரையும் ஒருநாள் எனக்குச் சொன்னார். அது ஒரு நல்ல பெயர் என்பது மட்டும்தான் நினைவிருக்கிறது.

ஐம்பதுகள் கழிந்து அறுபதுகள் பிறந்திருந்த நேரம். நாங்களும் தமிழ்ப் படம் எடுத்துப் பார்ப்போமே என்று கொழும்பில் சில முதலாளிமாருக்கு ஆசை வந்திருந்தது. அப்படி ஒரு கொம்பனி, பரந்தன் முல்லைத்தீவு வீதியோரம் இருந்த எங்கள் திட்டத்தில் லொறியோடு வந்து இறங்கியது. காடு வெட்டிக் கமம் செய்கிற மாமன், அவருடைய மகள், டொக்டருக்குப் படித்துவிட்டு ஊருக்கே திரும்பி வருகிற மச்சான். இதுதான் கதை. படத்தில் வருகிற வீடு, கடை, ஆசுப்பத்திரி எல்லாவற்றையும் கட்டுவதும், அவற்றுக்குள் இருக்கவேண்டிய சட்டி பானையைத் தேடி வைப்பதும் மாஸ்டருடைய வேலை. யாழ்ப்பாணத்தில் நாடகங்களுக்குச் சீன் கீறிப் பழகி, கொழும்புக்குப் போய்ப் படவேலை பிடித்தவர் அவர். நான் குடியேற்றக் கந்தோரில் கிளாக்கர். கல்யாணம் ஆகாதவன். குவாட்டர்சில் ஓர் அறை சும்மா கிடந்தது. கந்தோருக்குப் பொறுப்பான பெரியவர் மாஸ்டரை என் தலையில் கட்டிவிட்டார்.

வந்த அன்று காலையிலேயே என்னுடைய கதிரையைச் சுற்றிச் சுற்றி வந்தார்.

"ஏன் தம்பி, இதிலை ஒருத்தரும் இருக்கிறேல்லையோ?"

"போன கிழமைதான் வந்தது மாஸ்டர். அரசாங்கக் கதிரை."

"பாவம்" என்றார். கதிரையைத்தான் சொன்னார்.

நான் கந்தோருக்குப் போய் மத்தியானம் சாப்பிட வந்தேன். ஒரு காலைப்பொழுதுக்குள் கதிரைக்கு முப்பது வயது கூடியிருந்தது. கைபிடிகள் வேர்வை குடித்துக் கறுத்திருந்தன. பிரம்பு தொய்ந்திருந்தது. ஒரு காலை நாய் கடித்திருந்தது.

"மாஸ்டர், நாய் எங்காலை வந்தது?"

"நாயில்லைத் தம்பி, அரம்" என்று கையில் இருந்த அரத்தைக் காட்டினார்.

அடுத்த நாள் பெரியவர் குவாட்டர்ஸ் பார்க்க வந்தார். அந்தக் கதிரையிலேயே வசதியாகச் சாய்ந்திருந்துகொண்டு, "கந்தோராலை தந்த புதுக் கதிரையை எங்கை ஐசே வித்தனீர்?" என்று என்னிடம் விளக்கம் கேட்டார். நான் உள்ளதைச் சொல்ல வெளிக்கிட்டு, அரம் வந்த இடத்தில் அவருடைய முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்டேன்.

புதியதைப் பழசாக்குவதோடு அவர் நிற்கவில்லை. பழசை வேட்டையாடவும் போனார். சைக்கிளுக்குப் பின்னால் புது வாளி, புது லாம்பு, புதுச் சுளகு என்று கட்டிக்கொண்டு வளவு வளவாய்ப் போய், புதியதைக் கொடுத்துப் பழையதைக் கேட்பார். சனத்துக்குச் சந்தேகம் வராமல் இருக்குமா? ஓட்டை வாளிக்குப் புது வாளி தருகிறவன் ஒன்றில் விசரன், இல்லாவிட்டால் அந்த ஓட்டை வாளியில் ஏதோ பொன் ஒட்டியிருக்க வேண்டும். ஒருவர் தன் வாளியைப் புளி போட்டுத் தேய்த்துத் தேய்த்துப் பார்த்து, பொன் இல்லை என்று தெளிந்த பிறகு கொண்டுவந்து கொடுத்தார். பளபளவென்று மினுங்கிய வாளியைக் கண்டதும் மாஸ்டர் வளவு வாசல் படலையடியிலேயே குந்திவிட்டார்.

"அட அறுவானே, பத்து வருசத்து ஊத்தையை உரிச்சுப் போட்டியே!"

வாய்க்கால் கரையில் தையல்முத்து என்றொரு மனுசி இருந்தாள். வாய் கொஞ்சம் நீளம். "மாஸ்டர், என்ரை வீட்டிலையும் பழசு ஒண்டு கிடக்கு. வெத்திலைக் கறை பிடிச்சு, ஒரு பக்கம் சரிஞ்சு போச்சு. இரவிலை சத்தமும் போடும். மாத்தித் தருவியளோ?" என்று கேட்டாள்.

மாஸ்டருக்கு உண்மையாகவே வாயூறிவிட்டது. "என்ன சாமான் பிள்ளை, பெட்டகமோ?"

"இல்லை, என்ரை மனுசன்."

வாய்க்காலில் குளித்துக்கொண்டு நின்றவர்கள் சிரித்த சிரிப்பு கந்தோர்வரை கேட்டது. மாஸ்டர் சிரிக்கவில்லை. நேரே போய் அந்த மனுசனைப் பார்த்து, படத்தில் கடை வாசலில் இருத்துவதற்கு ஆளை எடுத்துக்கொண்டார்.

மாமனாக நடிக்க வந்தவர் மினுக்கின சட்டையோடு வந்து நின்றார். மாஸ்டர் அதைக் கழற்றி உழவு மிசின் ஓட்டுகிறவனிடம் கொடுத்து, படப்பிடிப்பு வரைக்கும் கழற்றாமல் போட்டுக்கொண்டு திரியச் சொன்னார். மழை பொய்த்துப் பயிர் வாடின காட்சியில் நடிகர் அந்தச் சட்டையைப் போட்டுக்கொண்டு வயலில் நின்றார். கண்ணால் தண்ணீர் பொலபொலவென்று வழிந்தது. "அருமை, அருமை" என்று டிரெக்டர் கத்தினார். அது நடிப்பில்லை, நாற்றம் என்பது மாஸ்டருக்கும் எனக்கும்தான் தெரியும்.

இதையெல்லாம் சொல்லிச் சிரித்துக்கொண்டே போகலாம். ஆனால் அவர் கட்டிய ஆசுப்பத்திரிக்கு வந்துதான் ஆகவேண்டும்.

அரசாங்கம் எங்கள் சனத்துக்குக் காடாக இருந்த காணியைத் தந்தது, வாய்க்காலைத் தந்தது, மண்வெட்டியைத் தந்தது. ஆசுப்பத்திரியைத் தரவில்லை. பாம்பு கடித்தவரையும் குலைப்பன் என்கிற மலேரியாக் காய்ச்சல்காரரையும் வண்டிலில் ஏற்றிக் கிளிநொச்சிக்குக் கொண்டு போகவேண்டும். போய்ச் சேருவது அவரவர் தலைவிதி. போன வண்டில் அரைவழியில் திரும்பி வந்தால் ஒருவரும் விசாரிப்பதில்லை, நேரே செத்தவீட்டுப் பந்தலுக்குத் தடி வெட்டப் போய்விடுவார்கள். ஓர் ஆசுப்பத்திரி வேண்டும் என்று மனுக் கொடுத்துக் கொடுத்தே எங்கள் கிராமச்சங்கத் தலைவர் மூன்று தேர்தல் வென்றிருந்தார். அப்படிப்பட்ட இடத்தில்தான் மாஸ்டர் பலகையும் சீலையும் களிமண்ணுமாக ஓர் ஆசுப்பத்திரியை எழுப்பினார்.

முன்பக்கம் மட்டும்தான் கட்டடம். ஒரு விறாந்தை, ஆட்கள் இருக்க நீட்டுக்கு வாங்குகள், நடுவில் ஒரு கதவு. கதவைத் திறந்து உள்ளே காலை வைத்தால் பாலைமரத்தடியில் நிற்பீர்கள். அதற்கு அப்பால் காடு. மேலே "அரசினர் வைத்தியசாலை" என்று ஒரு பலகை. பெரிய வீதியிலிருந்து மணல் பாதை பிரிகிற சந்தியில் அம்புக்குறி போட்டு இன்னொரு பலகை. டொக்டர் மச்சான் சைக்கிளில் அந்தச் சந்தியில் திரும்புவது படத்தில் ஒரு காட்சி.

கட்டி முடித்த பிறகுதான் மாஸ்டர் தன் வேலையைத் தொடங்கினார். ஆசுப்பத்திரி வாங்குக்கு மேலே சுவரில் தலை சாய்த்துச் சாய்த்து எண்ணெய்க்கறை படிந்திருக்குமே, கவனித்திருக்கிறீர்களா? நோயாளிகள் காத்துக்கொண்டிருந்த களைப்பு எல்லாம் அந்தக் கறையில்தான் இருக்கிறது என்பார் மாஸ்டர். அதைத் தூரிகையால் கீறினால் பொய் தெரியும் என்று, தன் தலையில் நல்லெண்ணெயை வழிய வழிய வைத்துக்கொண்டு வாங்கு வாங்காக இருந்து சுவரில் தேய்த்தார். தன் ஒரு தலை போதாமல் போக, வாய்க்காலுக்குப் போகிற வழியில் சனத்தை மறித்தார். "வந்து கொஞ்ச நேரம் சாய்ஞ்சு இருந்திட்டுப் போங்கோ, பிளேன்ரீ தாறன்." தூணில் வெற்றிலைச் சுண்ணாம்பு பூசினார். கதவில் கைபடுகிற இடத்தை மட்டும் பார்த்துப் பார்த்துக் கறுப்பாக்கினார். தரையைப் பினைல் ஊற்றிக் கழுவினார்.

டிரெக்டருக்குப் பொறுக்கவில்லை. "மாஸ்டர், கமராவுக்கு மணக்குமே?"

"கமராவுக்கு மணக்காது. நடிக்கிறவனுக்கு மணக்கும்."

நோயாளிகளாக நடிக்க ஊர்ச் சனத்தையே பிடித்து வாங்குகளில் இருத்தினார்கள். ஆசுப்பத்திரிக்கு மருந்து எடுக்கப் போகிறவர் வெறுங்கையோடு போவதில்லை, கலவை மருந்துக்குப் போத்தல் கொண்டுபோக வேண்டும். மாஸ்டர் அதையும் விடவில்லை. ஆளுக்கொரு போத்தலைக் கையில் கொடுத்து இருத்தினார். மணல் பாதையால் போன சைக்கிளிலிருந்தும் வண்டிலிலிருந்தும் சனம் எட்டிப் பார்த்தது. காட்டினூடே கமராவா தெரியும்? சுவரும் போத்தலும் சனமும்தான் தெரிந்தன.

மூன்றாம் நாளோ நாலாம் நாளோ ஒரு கிழவர் போத்தலோடு வந்து நின்றார். முழங்கால் வீக்கம். மாஸ்டர் அவருக்கு மரியாதையாக எடுத்துச் சொன்னார்.

"அப்பு, இது பொய் ஆசுப்பத்திரி. படத்துக்குக் கட்டினது."

"அப்ப டொக்டர் எத்தினை மணிக்கு வருவார்?"

"டொக்டரும் பொய் அப்பு. போங்கோ, எழும்பிப் போங்கோ!"

கிழவருக்கு இப்போதுதான் முழு நம்பிக்கை வந்தது. நோயாளியைப் பார்த்துக் குரைக்கிற ஆள் நின்றால் அது அரசாங்க ஆசுப்பத்திரி இல்லாமல் வேறென்ன? "கோவிக்காதை மோனை, நாளைக்கு வாறன்" என்று சொல்லிவிட்டுப் போனார். அடுத்த நாள் வேறு இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு வந்தார்.

அதன் பிறகு போத்தல்காரர் வராத நாளில்லை. விசுவமடுவிலிருந்து வந்தார்கள், புதுக்குடியிருப்பிலிருந்து வந்தார்கள். எனக்கு முதலில் விளங்கவில்லை. கிழமைக்கணக்கில் முளைத்த கட்டடத்தை எப்படி நம்பினார்கள்? பிறகுதான் பிடிபட்டது. எங்கள் நாட்டில் ஓர் அரசாங்கக் கட்டடம் புதிதாக மினுங்கினால் அதற்குள் ஒருவரும் கால் வைக்கமாட்டார்கள். மந்திரி வந்து ரிப்பன் வெட்டும்வரை அது பூட்டித்தான் கிடக்கும் என்று ஆடு மேய்க்கிறவனுக்கும் தெரியும். இந்தக் கட்டடம் ஊத்தையாக இருந்தது. ஊத்தையாக இருந்தால் மந்திரி வந்துபோய்விட்டார், வேலை நடக்கிறது என்றுதான் கருத்து. கிராமச்சங்கத் தலைவரிடமும் சனம் கேட்டது. "உங்கடை முயற்சியிலை வந்ததோ?" அவர் ஓம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. சால்வையைச் சரிப்படுத்திக்கொண்டார்.

சும்மா சொல்லக்கூடாது, மாஸ்டருக்கு உள்ளுக்குள் பெருமைதான். பகலில் போத்தல்காரரை விரட்டுவார். இரவுச் சாப்பாட்டில் புட்டைக் குழைத்துக்கொண்டு, "இண்டைக்கு வந்தவர் ஓய்வுபெற்ற வாத்தியார், தம்பி. வாத்தியாரே நம்பிட்டார் பாரும்!" என்று சிரிப்பார். நானும் சேர்ந்து சிரிப்பேன். ஒருநாள் மட்டும் யோசித்துப் பார்த்துவிட்டு, படப்பிடிப்பு இல்லாத நேரத்தில் சந்திப் பலகையையாவது கழற்றி வைப்போமா என்று டிரெக்டரிடம் கேட்டார். "திருப்பி நடேக்கை ஒரு விரற்கடை தள்ளிப்போனாலும் படத்திலை பலகை துள்ளும்" என்று டிரெக்டர் சொன்னார். அது வேலை தெரிந்தவர் பேச்சு. மாஸ்டர் வேலை தெரிந்தவர். ஒத்துக்கொண்டார்.

வைகாசியில் வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கல் வந்தது. அன்றைக்கு வன்னியில் வீட்டில் நிற்கிறவன் ஒன்றில் நோயாளி, இல்லாவிட்டால் கந்தோர்க் காவலுக்கு விடப்பட்ட கிளாக்கர். கொம்பனி லொறி, உழவு மிசின்கள், வண்டில்கள் எல்லாம் விடியவே கிழக்குப் பக்கம் போய்விட்டன. டிரெக்டரும் போனார், தலைவரும் போனார். மாஸ்டர் மட்டும் போகவில்லை. முதல்நாள் அடித்த மழை சுவர்க் கறையைக் கழுவிவிட்டது, திரும்பத் தேய்க்கவேண்டும் என்றார். "அதோடை, என்னைக் கண்டால் அம்மன் தன்ரை பட்டுச் சீலைக்குப் பயப்படுவா" என்றும் சொன்னார்.

மத்தியானம் நாங்கள் இரண்டு பேரும் குவாட்டர்ஸ் விறாந்தையில் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். அங்கிருந்து பார்த்தால் மணல் பாதை தெரியும். ஒரு மாட்டு வண்டில் மணலை வாரியடித்துக்கொண்டு ஆசுப்பத்திரிப் பக்கம் ஓடியது.

"இன்னொண்டு நம்பிட்டுது" என்று மாஸ்டர் சோற்றுக் கையோடு சிரித்தார்.

அடுத்த கணம் வண்டிலுக்குள்ளிருந்து ஒரு பெண்ணின் குரல் கேட்டது. மனிதக் குரல் அப்படி இருக்கும் என்று எனக்கு அதுவரை தெரியாது. மாஸ்டர் கை கழுவாமல் எழும்பி ஓடினார். நான் பின்னால் ஓடினேன்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது அந்தப் பெண் வாங்கில் சுருண்டு கிடந்தாள். பெயர் இராசம் என்பது பிறகு தெரிந்தது. வயிற்றுக்குத்து. இரண்டு நாளாக நாட்டு வைத்தியப் பரியாரியின் மருந்து குடித்தும் விடவில்லை. நெற்றியில் தண்ணீர் ஊற்றிய மாதிரி வேர்த்திருந்தது. அவளுடைய புருசன் தம்பிராசா, உடையார்கட்டுக் கமக்காரர், அந்தக் கதவடியில் எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். கதவைச் சாத்திவிட்டு மெதுவாகத் திரும்பினார்.

"இஞ்சாருங்கோ, டொக்டர் நிக்கிறாரோ?" என்று இராசம் கேட்டாள்.

"ஓம், உள்ளுக்கை நிக்கிறார். கை கழுவுறார்."

அவள் சுவரில் தலையைச் சாய்த்துச் சிரித்தாள். நோவுக்குள்ளேயும் அது சிரிப்புத்தான்.

தம்பிராசா மாஸ்டரைப் பார்த்து, சத்தமாக, அவளுக்குக் கேட்கும்படி, "டொக்டர் என்ன சொல்லுறார் ஐயா? கிளிநொச்சிக்குக் கொண்டு போகட்டாமோ?" என்றார்.

மனிதருக்கு மூளை பிசகிவிட்டது என்று நினைத்தேன். இல்லாத டொக்டரை இருக்கிறார் என்று நம்புகிற அளவுக்கு இந்தச் சுவர் அவரை ஏமாற்றிவிட்டதே! நாள்தோறும் "பொய், பொய்" என்று கத்திக்கொண்டிருந்த மாஸ்டருக்கு அன்றைக்கு அந்தச் சொல் வாயில் வரவில்லை. "ஓம்... கெதியாய்க் கொண்டு போகட்டாம்" என்றார்.

வண்டில் மாடுகள் நுரை தள்ளிக்கொண்டு படுத்துவிட்டன. சந்தியில் திரும்பாமல் நேரே போயிருந்தால் அந்த நேரத்துக்குப் பரந்தனைக் கண்டிருப்பார்கள். மணலில் மாடுகள் இழுத்துவந்த அவ்வளவு தூரத்தையும் மாஸ்டர் திரும்பப் பெரிய வீதிக்கு ஓடினார். கிழக்கே போகிற வாகனம்தான் எல்லாம், மேற்கே வர ஒன்றுமில்லை. கடைசியில் முல்லைத்தீவுப் பக்கமிருந்து கருவாடு ஏற்றிக்கொண்டு ஒரு வான் வந்தது. மாஸ்டர் நடுவீதியில் கையை விரித்துக்கொண்டு நின்றார். வான்காரர் ஒரு முஸ்லிம் பெரியவர். இறங்கி ஏசத் தொடங்கியவர், "காக்கா, ஒரு உயிர்" என்று மாஸ்டர் அண்ணன் முறை வைத்துச் சொன்னதும் வாயை மூடினார். கருவாட்டுச் சாக்குகளை ஒவ்வொன்றாக வீதியோரம் எறிந்துவிட்டு வானை மணலுக்குள் விட்டார்.

கிளிநொச்சியில் டொக்டர் வயிற்றை ஒருமுறை தொட்டுப் பார்த்தார். யாழ்ப்பாணம் பெரியாசுப்பத்திரிக்கு அம்புலன்சில் ஏற்றச் சொன்னார். ஏற்றும்போது எங்களைப் பார்த்து, "ஏன் சுணங்கினது?" என்று கேட்டார்.

தம்பிராசா அவளோடு அம்புலன்சில் ஏறினார். அம்புலன்ஸ் ஆனையிறவு வெளியைத் தாண்டமுதல் இராசம் போய்விட்டாள்.

அடுத்த நாள் காலை கொம்பனி லொறி பொங்கல் முடிந்து திரும்பி வந்தது. இறங்கியவர்கள் அப்படியே நின்றார்கள். ஆசுப்பத்திரி வெள்ளை வெளேரென்று நின்றது. சுவர், தூண், வாங்கு, கதவு எல்லாவற்றுக்கும் சுண்ணாம்பு. மருந்துக்குக்கூட ஒரு கறை இல்லை. வாழ்நாளெல்லாம் புதியதைப் பழசாக்கிய மனிதர், ஒரு பழசைப் புதிதாக்கிவிட்டு, தலையிலிருந்து கால்வரை சுண்ணாம்போடு வாசலில் குந்தியிருந்தார். கதாநாயகிக்குச் சடை கட்ட வைத்திருந்த சிவப்பு ரிப்பன், வாசலில் தூணுக்குத் தூண் குறுக்கே கட்டப்பட்டிருந்தது. சந்திப் பலகையையும் காணவில்லை.

ரிப்பனைக் கண்டு போத்தல்காரர் இரண்டு பேர் தூரத்திலேயே நின்று ஆளையாள் பார்த்தார்கள். "மந்திரி இன்னும் வரேல்லைப் போல" என்று சொல்லிக்கொண்டு திரும்பிப் போனார்கள். வாயால் சொல்லி விளங்காதது ரிப்பனால் விளங்கிவிட்டது.

டிரெக்டர் தலையில் அடித்துக்கொண்டார். அரைவாசிக் காட்சி ஊத்தைச் சுவரில் எடுத்தாகிவிட்டது, மிச்சத்தை எங்கே எடுப்பது? கத்தி முடிய, நடந்ததைக் கேட்டுக் கொஞ்சம் அடங்கினார். பிறகு மாஸ்டரைப் பக்கத்தில் கூப்பிட்டுச் சொன்னார். "அந்தாள் உள்ளுக்கை டொக்டர் நிண்டதெண்டுதானே நம்பிக்கொண்டிருக்குது? நம்பட்டும். போய் ஒண்டும் கிளறாதையுங்கோ." இரண்டு நாள் கழித்துத் தலைவரும் அதையே சொன்னார். செத்தவீட்டில் அவர், அரசாங்கத்தின் அசட்டையைக் கண்டித்து ஒரு பேச்சும் பேசியிருந்தார்.

மாஸ்டர் கேட்கவில்லை. "அந்த மனுசன் இல்லாத டொக்டரைச் சாகுமட்டும் திட்டிக்கொண்டிருக்கும், தம்பி. திட்டு வாங்க வேண்டிய ஆள் நானெல்லோ" என்றார். எட்டாம் நாள் சடங்கான எட்டுச் செலவு கழிந்ததும் சைக்கிளை எடுத்தார். அடி விழும் என்று எனக்குத் தெரியும். தனியே விட மனமில்லாமல் நானும் போனேன்.

தம்பிராசா வளவில் வைக்கோல் உதறிக்கொண்டு நின்றார். மாஸ்டர் படலையைத் தாண்டவில்லை. அங்கேயே நின்றபடி சொன்னார்.

"தம்பி, அது ஆசுப்பத்திரி இல்லை. படத்துக்குக் கட்டின சுவர். கட்டினது நான். சந்தியிலை பலகை நட்டதும் நான்தான்."

தம்பிராசா வைக்கோலைக் கீழே போட்டார்.

"தெரியும் ஐயா. நான் கதவைத் திறந்தனான். காடு தெரிஞ்சது."

மாஸ்டர் படலையைப் பிடித்துக்கொண்டார்.

"திரும்பிப் பாக்கிறன், அவள் டொக்டர் நிக்கிறாரோ எண்டு கேக்கிறாள். மாடு ரண்டும் விழுந்து போச்சு. வேறை என்ன செய்ய? ஓம், கை கழுவுறார் எண்டன். அவள் சிரிச்சவள். பிறகு வான் வருமட்டும் குளறேல்லை. அம்புலன்சுக்கையும் கேட்டவள், அந்த டொக்டர்தானே இவையளுக்குச் சொல்லி அனுப்பினவர் எண்டு. ஓமெண்டன்." கீழே கிடந்த வைக்கோலைக் காலால் ஒதுக்கினார். "உங்களைக் கண்டால் வெட்டுறதெண்டுதான் இருந்தனான் ஐயா. ஆனால் உங்கடை பொய்யை வைச்சுத்தான் நானும் அவளுக்குக் கடைசிப் பொய் சொன்னன். அதாலை கை வருகுதில்லை. போங்கோ. இனி இந்தப் பக்கம் வராதையுங்கோ."

நாங்கள் சைக்கிள்களை உருட்டிக்கொண்டு நடந்தோம். ஏறி ஓட இரண்டு பேருக்கும் தோன்றவில்லை. வெகுதூரம் வந்த பிறகு மாஸ்டர் வாய் திறந்தார்.

"தம்பி, நான் வேலை தெரிஞ்சவனோ?"

"உங்களைப்போலை வேலை தெரிஞ்ச ஆளை நான் கண்டதில்லை மாஸ்டர்."

நின்றுவிட்டார். குழந்தைப்பிள்ளை மாதிரி விம்மி விம்மி அழுதார். "அப்பிடி மட்டும் ஒருத்தருக்கும் சொல்லிப் போடாதையும். உமக்குப் புண்ணியமாய்ப் போகும்" என்றார்.

கொம்பனி அவரை வீட்டுக்கு அனுப்பியது. மிச்சக் காட்சியை வேறு ஆளைக் கொண்டு கொழும்பில் எடுத்தார்களாம். படம் வந்ததா, ஓடியதா என்று நான் தேடவில்லை. மாஸ்டரையும் பிறகு காணக் கிடைக்கவில்லை. ஆனால் கொழும்பிலும் யாழ்ப்பாணத்திலும் அவரை அறிந்தவர்கள் என்னைக் கண்டால் விசாரிப்பார்கள். "ஆள் எப்பிடி, வேலை தெரிஞ்ச ஆளோ?" என்று கேட்பார்கள். "சீ, வேலை தெரியாத மனுசன்" என்றுதான் இத்தனை வருடமும் சொல்லி வந்திருக்கிறேன். மாஸ்டர் என்னிடம் கேட்டது அந்த ஒன்றைத்தான். இன்றைக்கு உங்களிடம் மட்டும் வாக்குத் தவறிவிட்டேன்.